சிங்க்கின் அடியில் சொட்டும் டிஸ்போசர்: கசிவைக் கண்டுபிடித்து நீங்களே சரிசெய்ய ஒரு வழிகாட்டி

சமையலறை சிங்க்கின் அடியில் இருக்கும் அலமாரிக் கதவைத் திறந்ததும் ஊறிய பிளைவுட் வாடை அடிக்கிறதா? பினாயில் பாட்டிலைத் தூக்கினால் அடியில் ஈர வட்டம் தெரிகிறதா? உணவுக் கழிவை அரைத்துத் தள்ளும் டிஸ்போசர் பொருத்திய வீடாக இருந்தால், முதல் சந்தேகம் அதன் மேல்தான் விழும். பல நேரம் அது நியாயமான சந்தேகம். சில நேரம் பாவம் ஓரிடம், பழி ஓரிடம்.

சென்னையில் டிஸ்போசர் இன்னும் எல்லா வீட்டிலும் இருக்கும் பொருளல்ல. பழைய மகாபலிபுரம் சாலைப் பக்கத்துப் புது அடுக்ககங்களிலும், வெளிநாட்டில் சில காலம் இருந்துவிட்டுத் திரும்பியவர்களின் வீடுகளிலும் பார்க்கலாம். அதனாலேயே குழாய் வேலையில் கெட்டிக்காரரான பிளம்பர்கூட இதைக் கழற்றத் தயங்குவார். தயக்கம் வந்ததும் எம்-சீலைப் பிசைந்து, ஈரமாகத் தெரிகிற இடத்தில் எல்லாம் அப்பிவிடுவார். அது இங்கே மிக மோசமான வைத்தியம். மோட்டார் ஓடும்போதெல்லாம் டிஸ்போசர் அதிரும். கல்லாக இறுகும் எம்-சீல் அந்த அதிர்வில் விரிசல் விடும். அதோடு போகாமல், கழற்ற வேண்டிய வளையத்தையும் திருகுகளையும் சேர்த்துப் பிடித்துக்கொள்ளும். அடுத்தமுறை உளி வைத்து உடைக்க வேண்டிவரும்.

எனவே, தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று உறுதியாகத் தெரியும்வரை ஸ்பேனரைத் தொடாதீர்கள். இடம் தெரிந்துவிட்டால் பெரும்பாலான கசிவுகள் ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலைக்குள் முடிகிற வேலைதான்.

முதலில் மின்சாரம்

தண்ணீரும் மின்சாரமும் ஒரே அலமாரிக்குள் இருக்கின்றன. டிஸ்போசரின் பிளக்கைச் சாக்கெட்டிலிருந்து உருவி எடுங்கள். சுவிட்சை அணைப்பது போதாது. எம்.சி.பி.யை இறக்கிவிட்டேன் என்பதும் போதாது. நம் வீடுகளில் இன்வெர்ட்டர் இணைப்பை யார், எப்போது, எந்த லைனில் கொடுத்தார்கள் என்பது பல நேரம் அந்த எலக்ட்ரீஷியனுக்கு மட்டுமே தெரிந்த ரகசியம். மெயினை அணைத்தாலும் இன்வெர்ட்டர் வழியாக அந்தச் சாக்கெட்டில் மின்சாரம் இருக்கலாம். பிளக் கையில் இருந்தால் அந்தக் கவலை இல்லை. சாக்கெட் பெட்டியே நனைந்திருந்தால் பிளக்கையும் தொட வேண்டாம். மெயினோடு இன்வெர்ட்டரையும் அணைத்துவிட்டு எலக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள். டிஸ்போசரைப் போட்டவுடன், மின்கசிவு வந்தால் தானே அணையும் ஈ.எல்.சி.பி. சுவிட்ச் விழுகிறது என்றாலும் அப்படியே. ஈரம் மோட்டாருக்குள் போயிருக்கலாம். அதை மீண்டும் மீண்டும் தூக்கிவிட்டுப் பார்ப்பது விஷப் பரீட்சை.

டிஸ்போசருக்குள் கையை விடாதீர்கள் என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். உள்ளே மிக்ஸியில் இருப்பது போன்ற கூரிய பிளேடு கிடையாது. சுழலும் தட்டில் இருக்கும் உலோகத் துண்டுகள் கழிவை, தட்டைச் சுற்றியுள்ள வளையத்தின் மீது வீசித் தேய்த்து அரைக்கின்றன. ஆனால் விரலுக்கு அந்த வித்தியாசம் தெரியாது. ஸ்பூன் விழுந்தால் இடுக்கியால் எடுங்கள், அதுவும் பிளக்கை உருவிய பிறகு.

டிஸ்போசர் அல்லாத குற்றவாளிகள்

சந்தேகப் பட்டியலில் முதலில் வைக்க வேண்டியது ஆர்.ஓ. சுத்திகரிப்பான். அதன் கழிவுநீர்க் குழாய், பென்சில் தடிமனில் இருக்கும் மெல்லிய பிளாஸ்டிக் குழாய், பெரும்பாலும் சிங்க்கின் விளிம்பிலோ அடியிலுள்ள வடிகாலிலோ சும்மா செருகப்பட்டிருக்கும். பாத்திரம் தேய்க்கும்போது கை பட்டு அது நழுவினால், இயந்திரம் ஓடும் நேரமெல்லாம் தண்ணீர் டிஸ்போசரின் தோளில் சொட்டும். ஈரம் டிஸ்போசரில்தான் தெரியும், கசிவின் காரணமோ அதற்கு ஓர் அடி மேலே இருக்கும். அலமாரி இரவில் காய்ந்து, குடிநீர் பிடித்த பிறகு மட்டும் நனைகிறதா என்று கவனித்தால் இது பிடிபடும்.

அடுத்தது குழாய்க்குப் போகும் ஆங்கிள் காக்கும் அதன் இணைப்பு ஹோஸும். காய்ந்த டிஷ்யூ காகிதத்தை ஒவ்வொரு நட்டின் மீதும் சுற்றி அழுத்திப் பாருங்கள். கண்ணுக்குத் தெரியாத ஈரமும் காகிதத்தில் தெரிந்துவிடும். கிரானைட் மேடையும் சிங்க்கும் சேரும் விளிம்பில் சிலிக்கான் கிளம்பியிருந்தாலும் தண்ணீர் அடிப்பக்கமாக ஓடிவந்து டிஸ்போசரின் மேல் வளையத்தில் நிற்கும். மேடையைத் துடைக்கும்போது மட்டும் கசிவு வருகிறது என்றால் இந்த விளிம்பைப் பாருங்கள்.

போர் தண்ணீர் வரும் வீடுகளில் தலைமுடி கொட்டுகிறது, கீசர் கெடுகிறது என்று உப்பைத் திட்டுவோம். இந்த ஒரு வேலையில் அது உதவி செய்யும். கசியும் தண்ணீர் காயும்போது வெள்ளைப் பொருக்கை விட்டுப்போகும். டார்ச் அடித்து டிஸ்போசரின் வெளிப்பக்கத்தை மேலிருந்து கீழாகப் பாருங்கள். வெள்ளைக் கோடு எங்கே தொடங்குகிறதோ அங்கேதான் கசிவு. அது முடிகிற இடத்தைப் பார்த்து ஏமாறக் கூடாது. தண்ணீர் எப்போதும் கீழே வந்துதான் சொட்டும்.

மூன்று கட்டச் சோதனை

அலமாரியைக் காலிசெய்து, எல்லாவற்றையும் துணியால் துடைத்து உலரவிடுங்கள். தரையில் வெள்ளைத் தாள் அல்லது செய்தித்தாள் விரியுங்கள். சிங்க்கின் துளையை அதற்கான மூடியால் அடைத்து, நான்கு விரல் உயரத்துக்குத் தண்ணீர் நிரப்பி ஒரு டீஸ்பூன் மஞ்சள்தூளைக் கலக்குங்கள். தாளில் விழும் சொட்டு மஞ்சளாக இருந்தால் அது சிங்க்கிலிருந்துதான் வருகிறது. நிறமில்லாமல் இருந்தால் குழாய் இணைப்பிலிருந்தோ ஆர்.ஓ.விலிருந்தோ வருகிறது. சொட்டு சிவப்பாக இருந்தாலும் பதற வேண்டாம். பாத்திரச் சோப்பின் காரம் பட்டால் மஞ்சள் சிவக்கும். சுண்ணாம்பு கலந்த ஆரத்தி சிவப்பதும் அதனால்தான்.

அரை மணி நேரம் அப்படியே விடுங்கள். இந்தக் கட்டத்திலேயே சிங்க்கின் அடிப்பகுதியும் டிஸ்போசரின் கழுத்தும் சேரும் இடத்தில் சொட்டு கட்டினால், கசிவது மேல் விளிம்பு. இதைத்தான் ஃபிளாஞ்ச் என்கிறார்கள்.

சொட்டவில்லை என்றால் மூடியைத் தூக்கித் தண்ணீரை ஒரே மூச்சில் இறக்குங்கள். மோட்டாரைப் போட வேண்டாம். பக்கவாட்டில் வெளியேறும் குழாயிலோ பாத்திரம் கழுவும் இயந்திரத்தின் ஹோஸ் சேரும் இடத்திலோ இப்போது சொட்டும்.

அப்போதும் காய்ந்தே இருந்தால், கைகளைத் துடைத்துக்கொண்டு, சாக்கெட் காய்ந்திருப்பதையும் உறுதிசெய்துகொண்டு பிளக்கைச் செருகுங்கள். குழாயைத் திறந்துவிட்டு மோட்டாரை ஓடவிட்டு, எதையும் தொடாமல் டார்ச் அடித்துப் பாருங்கள். ஓடும்போது மட்டும் கழுத்தில் கசிந்தால், டிஸ்போசருக்கும் அதைத் தாங்கும் வளையத்துக்கும் நடுவே உள்ள ரப்பர் சரியாக உட்காரவில்லை என்று பொருள். அடிப்பாகத்திலிருந்து, குறிப்பாகச் சிவப்பு ரீசெட் பொத்தானின் பக்கத்திலிருந்து சொட்டினால் செய்தி நல்லதல்ல. அதைக் கடைசியில் பார்ப்போம்.

பக்கவாட்டுக் கசிவு

எளிதான வேலையை முதலில் முடித்துவிடலாம். டிஸ்போசரின் வயிற்றிலிருந்து வெளியே வரும் எல்போ என்ற வளைகுழாய், ஓர் உலோகத் தகட்டாலும் ஒன்றிரண்டு திருகுகளாலும் பிடிக்கப்பட்டிருக்கும். உள்ளே ஒரு ரப்பர் கேஸ்கெட். முதலில் பிளக்கை உருவிவிட்டுத் திருகை இறுக்கிப் பாருங்கள். நிற்கவில்லை என்றால் அடியில் வாளியை வைத்து எல்போவைக் கழற்றுங்கள். கேஸ்கெட் தட்டையாகியிருந்தாலோ வெடித்திருந்தாலோ மாற்ற வேண்டியதுதான். பழையதைக் கையோடு எடுத்துக்கொண்டு கடைக்குப் போங்கள். அளவை வாயால் சொல்லி வாங்கிவந்தால் இரண்டாவது நடை நிச்சயம். பகுதிக் கடையில் இல்லாவிட்டால் பாரிமுனைப் பக்கத்து ஹார்டுவேர் கடைகளில் கேட்டுப்பார்க்கலாம், இல்லையென்றால் மாடல் எண்ணைச் சொல்லித் தயாரிப்பாளரின் சேவை மையத்தில் வாங்குவதே வழி.

அதற்கடுத்து வரும் பிளாஸ்டிக் நட்டுகளில் கசிந்தால் டெஃப்லான் டேப்பைச் சுற்றாதீர்கள். இந்த வகை இணைப்பில் தண்ணீரை நிறுத்துவது மரை அல்ல, உள்ளே இருக்கும் வாஷர். அதன் சரிந்த பக்கம் இணைப்பின் உள்நோக்கியும் தட்டைப் பக்கம் நட்டை நோக்கியும் இருக்க வேண்டும். தலைகீழாகப் போட்டிருந்தால் எவ்வளவு இறுக்கினாலும் சொட்டும், மேலும் இறுக்கினால் நட்டு வெடிக்கும். கையால் இறுக்கி, அதற்கு மேல் கால் சுற்று போதும்.

மடிப்பு மடிப்பாக வளையும் வேஸ்ட் பைப்பை டிஸ்போசரோடு இணைத்திருந்தால் இதே கையோடு மாற்றிவிடுங்கள். அரைத்த கழிவு அந்த மடிப்புகளில் தங்கிப் புளிக்கும், அடைக்கும், அடைத்த தண்ணீர் பின்னால் ஏறி மேலே உள்ள ஒவ்வொரு இணைப்பையும் சோதிக்கும். உட்புறம் வழவழப்பான நேர்க்குழாயே சரி. சுவரில் உள்ள வடிகால் வாய், டிஸ்போசரின் வெளியேறும் வாயைவிடத் தாழ்வாக இருக்கிறதா என்றும் பாருங்கள். உயரமாக இருந்தால் டிஸ்போசருக்குள் எப்போதும் தண்ணீர் நிற்கும்.

பாத்திரம் கழுவும் இயந்திரத்துக்கான சிறிய பக்கவாயில் கசிவு என்றால், ஹோஸ் கிளிப்பை இறுக்கினாலே பெரும்பாலும் தீரும். அந்த வாய் புதிதில் உள்ளே அடைபட்டிருக்கும். இயந்திரம் பொருத்துகிறவர் அடைப்பைத் தட்டி எடுத்திருப்பார். பிறகு வீடு மாறும்போது இயந்திரத்தை மட்டும் கழற்றிக்கொண்டு போயிருந்தால், புதிதாகக் குடிவந்தவருக்குக் கிடைப்பது ஒரு திறந்த ஓட்டை. அதற்கேற்ற ரப்பர் மூடியும் ஒரு கிளிப்பும் போட்டால் வேலை முடிந்தது.

மேல் விளிம்புக் கசிவு

இதுதான் பொறுமையைக் கேட்கும் வேலை. சிங்க் துளையின் மேலே தெரியும் ஃபிளாஞ்ச்சுக்கும் சிங்க் தகட்டுக்கும் இடையே பிளம்பர் புட்டி (குழாய் வேலைக்கான, மாவுபோலப் பிசையும் பசை) அல்லது சிலிக்கான் இருக்கும். அது காய்ந்தோ அதிர்ந்தோ விட்டுப்போனால் தண்ணீர் இறங்கும். முதலில் அடியிலுள்ள மூன்று திருகுகளையும் சிறிது சிறிதாக, ஒன்று மாற்றி ஒன்றாக இறுக்கி மறுபடி சோதியுங்கள். அதில் நின்றுவிட்டால் புண்ணியம். நிற்கவில்லை என்றால் கழற்ற வேண்டும்.

கழற்றுவதற்கு முன் கைபேசியில் நான்கைந்து படம் எடுத்துக்கொள்ளுங்கள். பிறகு எல்போவைப் பிரியுங்கள். டிஸ்போசரின் அடியில் செங்கல் அடுக்கியோ பெயின்ட் வாளியைக் கவிழ்த்தோ முட்டுக் கொடுங்கள். பல மாடல்கள் 5 கிலோவுக்கு மேல் இருக்கும், தளர்ந்த நொடியில் முழு எடையும் இறங்கும். முடிந்தால் வீட்டில் இன்னொருவரைத் தாங்கிக்கொள்ளச் சொல்லுங்கள். தாங்கு வளையத்தைத் திருப்புவதற்கென்று காதுகள் இருக்கும். அதில் ஆலன் கீயையோ ஸ்குரு டிரைவரையோ கொடுத்துத் தள்ளுங்கள். வளையத்தில் அம்புக்குறி இருந்தால் அதன்படி திருப்புங்கள். இல்லாவிட்டால் விளிம்பிலுள்ள சரிவைக் கவனியுங்கள், அது எந்தப் பக்கம் இறங்குகிறதோ அந்தப் பக்கம் தளரும். உப்பு பிடித்து அசையவில்லை என்றால் வினிகரில் நனைத்த துணியைச் சுற்றி அரை மணி நேரம் விட்டுப் பாருங்கள். சுத்தியல் வேண்டாம்.

டிஸ்போசர் இறங்கிய பின் மூன்று திருகுகளையும் தளர்த்தினால், மேலே உள்ள தகட்டைப் பிடித்திருக்கும் கம்பி வளையம் தெரியும். ஸ்குரு டிரைவர் நுனியால் நெம்பினால் அது கழன்று வரும். வளையம், தகடு, நார் கேஸ்கெட் என்று வரும் வரிசையிலேயே தரையில் வைத்துக்கொள்ளுங்கள். மேலிருந்து ஃபிளாஞ்ச்சைத் தூக்கி எடுத்து, ஒட்டியிருக்கும் பழைய புட்டியைக் காலாவதியான ஏ.டி.எம். அட்டையால் சுரண்டுங்கள். கத்தியால் சுரண்டினால் விழும் கீறல்தான் அடுத்த கசிவுக்குப் பாதை. சிங்க் விளிம்பிலும் ஃபிளாஞ்ச்சின் அடியிலும் உப்போ பிசுக்கோ துளிகூட இல்லாமல் துடைத்து முழுமையாக உலர்த்துங்கள். இந்த உலர்த்தலில் அவசரப்படுகிறவர்கள்தான் அதே வேலையை மறுவாரமும் செய்கிறார்கள்.

இனி புட்டியா, சிலிக்கானா? எவர்சில்வர் சிங்க் தடித்த தகடாக இருந்தால் எதுவானாலும் சரி. துளையின் பக்கத்தில் கட்டைவிரலால் அழுத்தும்போது தகடு உள்வாங்கினால் சிலிக்கான்தான் நல்லது, அது தகட்டோடு சேர்ந்து வளைந்துகொடுக்கும். கிரானைட், குவார்ட்ஸ் வகைக் கல் சிங்க்குகளிலும் சிலிக்கானே போடுங்கள், புட்டியின் எண்ணெய் கல்லில் கறையாக இறங்கக்கூடும். என் ஓட்டு பொதுவாகவே சிலிக்கானுக்குத்தான். நம் ஊர்க் கடைகளில் சுலபமாகக் கிடைப்பதும் அதுதான். அதன் ஒரே குறை, இறுக ஒரு முழு நாள் காத்திருக்க வேண்டும். புட்டி என்றால் காத்திருப்பு இல்லை. கையில் பிசைந்து, கை முறுக்குக்கு மாவைத் திரிப்பதுபோலச் சுண்டுவிரல் தடிமனில் திரித்து, ஃபிளாஞ்ச்சின் அடிவிளிம்பு முழுக்க இடைவெளி இல்லாமல் சுற்றுங்கள்.

ஃபிளாஞ்ச்சை நேராக வைத்து ஒரே அழுத்தாக அழுத்துங்கள். திருப்பவோ அசைக்கவோ கூடாது. அடியிலிருந்து கேஸ்கெட், தகடு, வளையம், கம்பி வளையம் என்று திரும்ப ஏற்றி, மூன்று திருகுகளையும் சமமாக இறுக்குங்கள். ஒரு பக்கத்தை முதலிலேயே முழுக்க இறுக்கினால் மறுபக்கம் தூக்கிக்கொள்ளும். சுற்றிலும் பிதுங்கி வருவதைத் துடைத்துவிடுங்கள். ஓரிடத்தில் மட்டும் பிதுங்கவில்லை என்றால் அங்கே இடைவெளி இருக்கிறது, எடுத்துவிட்டு மறுபடி போடுங்கள்.

டிஸ்போசரை மாட்டுவதற்கு முன்பே மூடியை வைத்து மஞ்சள் தண்ணீர்ச் சோதனையை இன்னொரு முறை செய்துவிடுங்கள். சிலிக்கான் என்றால் இறுகிய பிறகு. பலர் எல்லாவற்றையும் மாட்டிவிட்டுத்தான் சோதிப்பார்கள், கசிந்தால் மறுபடியும் அவ்வளவு எடையையும் இறக்க வேண்டும். மாட்டும்போது கழுத்து ரப்பர் மடியாமல் உட்காருகிறதா என்று விரலால் தடவிப் பாருங்கள். மோட்டார் ஓடும்போது மட்டும் வந்த கசிவுக்கு இதுவே மருந்து. வளையத்தின் காதுகள் மூன்றும் பூட்டும் நிலைக்கு முழுதாக வந்தாக வேண்டும்.

மறுபடி கசியாமல் இருக்க

அதிர்வுதான் எதிரி. அதிர்வு எங்கிருந்து வருகிறது என்றால் நம் சமையலிலிருந்து. டிஸ்போசரோடு வரும் கையேட்டில் முருங்கைக்காய்ச் சக்கையைப் பற்றி ஒரு வார்த்தை இருக்காது. தேங்காய் நார், வாழைப்பூ நரம்பு, வாழைத்தண்டு நார், புளிச் சக்கை, கரும்புச் சக்கை, கறிவேப்பிலைக் காம்பு எல்லாம் சுழலும் தட்டில் நூலாகச் சுற்றிக்கொள்ளும். தட்டு ஒரு பக்கம் கனத்துத் தள்ளாடும், கழுத்துத் திருகுகள் தளரும். தேங்காய்ச் சிரட்டைத் துண்டும் மாங்கொட்டையும் ஒரே அடியில் சிக்கவைத்துவிடும். மிஞ்சிய சோற்றைக் குவியலாகக் கொட்டினால் குழாயில் பசையாக இறங்கி அடைக்கும். இவையெல்லாம் மக்கும் குப்பைத் தொட்டிக்கே போகட்டும். தூய்மைப் பணியாளர் தினமும் வந்து வாங்கிக்கொண்டு போகும் ஊரில், எல்லாவற்றையும் இயந்திரத்தின் தொண்டையில் திணிக்க வேண்டிய கட்டாயம் நமக்கு இல்லை. பாதாளச் சாக்கடை வராமல் செப்டிக் டேங்க்கை நம்பியிருக்கும் புறநகர் வீடுகளில் டிஸ்போசரை இன்னும் குறைவாகவே பயன்படுத்த வேண்டும். அரைத்த கழிவு தொட்டியில் சகதியாகச் சேர்ந்து, லாரியைச் சீக்கிரமே கூப்பிட வைக்கும்.

சிக்கிக்கொண்டு மோட்டார் உறுமினால் உடனே அணைத்து, பிளக்கை உருவுங்கள். பல மாடல்களில் அடிப்பக்கத்தின் நடுவே ஆறு முனைத் துளை ஒன்று இருக்கும். கால் அங்குல ஆலன் கீயை அதில் விட்டு இரு பக்கமும் ஆட்டினால் தட்டு விடுபடும். சிக்கியதை எடுத்துவிட்டு ரீசெட் பொத்தானை அழுத்துங்கள்.

தண்ணீர் ஓடும்போதுதான் அரைக்க வேண்டும், அரைத்து முடிந்த பிறகும் அரை நிமிடம் ஓடவிட வேண்டும். குளிர்ந்த நீரைப் பயன்படுத்துங்கள் என்கிறது கையேடு. கொழுப்பு உருகிக் குழாயின் நடுவழியில் போய் உறையாமல் இருப்பதற்காக. அக்னி நட்சத்திரத்தில் மொட்டைமாடித் தொட்டியிலிருந்து எந்தக் குழாயில் குளிர்ந்த நீர் வருகிறது? நெய், எண்ணெய், கறிக் கொழுப்பு எதையும் அதில் ஊற்றாமல் இருப்பதுதான் நமக்கு நடைமுறை.

அடிப்பாகம் சொட்டினால்

மோட்டாரின் தண்டைச் சுற்றியுள்ள உள் சீல் தேய்ந்துவிட்டது என்று பொருள். தண்ணீர் மோட்டார் அறைக்குள் இறங்கித்தான் வெளியே வருகிறது. பிளக்கை உருவிவிட்டு, இனி அதை ஓட்டாதீர்கள். உத்தரவாதக் காலம் இருந்தால் பில்லைத் தேடுங்கள். இல்லாவிட்டால் பிரித்துச் சீல் மாற்றித் தருகிறேன் என்று யாராவது சொன்னாலும் நான் பணம் செலவழிக்க மாட்டேன். ஈரம் பட்ட பேரிங்கும் சுருளும் கூடவே போயிருக்கும், மாற்றிய சீல் அவற்றைக் காப்பாற்றாது.

புதிது வாங்கும்போது சிங்க் துளையை அளந்துகொண்டு போங்கள். பெரும்பாலான டிஸ்போசர்கள் 3½ அங்குலம், அதாவது சுமார் 90 மில்லிமீட்டர் துளைக்கானவை. நம் கடைகளில் விற்கும் சிங்க்குகளில் அதைவிடப் பெரிய துளையும் சிறிய துளையும் உண்டு. அமெரிக்காவிலிருந்து உறவினர் கொண்டுவந்து தருவதாகச் சொன்னால் அன்போடு மறுத்துவிடுங்கள். அங்கே 120 வோல்ட், இங்கே 230. அதே நிறுவனத்தின் அதே வகைப் பொருத்தி கொண்ட மாடலாகப் பார்த்து வாங்கினால், நன்றாக இருக்கும் பழைய ஃபிளாஞ்ச்சைத் தொடாமலேயே புதிய டிஸ்போசரை அதன் அடியில் மாட்டிவிடலாம். எல்போவுக்கும் வடிகாலுக்கும் இடையே உயரம் மட்டும் கொஞ்சம் மாறும், குழாயைச் சற்று வெட்டவோ நீட்டவோ வேண்டியிருக்கும்.